அக்கா வாயில் வேறு யாரோ பேசினார்

நான்கு வருடங்களுக்கு முன், நாகர்கோவிலில் ஒரு தியேட்டரில், என் படம் வெளியான முதல் நாள் காலைக் காட்சியில் நடந்தது இது.

அதற்குமுன் பத்து வருடம் சென்னையில் பிறருக்குத் திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தேன். என் வசனத்தில் கண்டவனும் கை வைக்கிறானே என்ற எரிச்சலில்தான் நானே தயாரிப்பாளரும் ஆனேன். எங்கள் ஊர்ப்பக்கத்துக் கதை. படப்பிடிப்பும் எங்கள் ஊரான கொட்டாரத்தில்தான். கல்ஃபுக்குப் போகிற மகனை வழியனுப்பும் அம்மாவாக, எங்கள் தெருவுக்கு மீன் விற்க வரும் அக்காவையே நடிக்க வைத்தேன்.

நான் எழுதிக் கொடுத்தது, பத்திரமாகப் போய் வா என்று சப்பென்ற ஒரு வரி. பெத்தவள் இப்படியா பேசுவாள் என்று அக்கா சிரித்தார். கேமரா ஓடியதும், மகனாக நடித்தவரின் சட்டைப் பொத்தானைப் போட்டுவிட்டபடி, “எறங்குன ஒடனே போன் விளிக்கணும், கேட்டியா மக்கா? விளிக்கலேண்ணா நான் கஞ்சி குடிக்க மாட்டேன்” என்றார். ஒளிப்பதிவாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். படம் முழுக்க அப்படித்தான் பேசினார். வசனம் என்று என் பெயரைத்தான் போட்டுக்கொண்டேன்.

படத்தைப் பார்த்த விநியோகஸ்தர், திருநெல்வேலி தாண்டினால் இந்தப் பேச்சு யாருக்கும் புரியாது, அம்மாவுக்கு வேறு குரல் கொடுத்தால்தான் எடுப்பேன் என்றார். வெறும் எழுத்தாளனாக இருந்தபோது இந்த மாதிரி விஷயத்துக்கு எத்தனை பேரிடம் மல்லுக்கு நின்றிருக்கிறேன்! தயாரிப்பாளரானதும் உடனே தலையாட்டிவிட்டேன். சென்னையில் ஒரு டப்பிங் கலைஞர் அரை நாளில் பேசி முடித்தார். அக்காவிடம் சொல்லத்தான் எனக்குத் தைரியம் வரவில்லை.

படம் வெளியான அன்று அக்கா மீன் விற்கப் போகாமல், பட்டுச்சேலை கட்டிக்கொண்டு, சர்ச்சில் தன்னோடு பாடுகிற பெண்களை வேன் பிடித்துக் கூட்டி வந்திருந்தார். நான் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தேன். திரையில் அக்கா வந்ததும் ஒரே கைதட்டல். அவர் வாயைத் திறந்ததும் அது நின்றுபோனது.

“ஏட்டி, ஒனக்க சத்தம் எங்க?” என்று அக்காவின் பக்கத்திலிருந்த பெண் கேட்டார்.

படம் முடிந்ததும் என்னை ஓரமாக அழைத்துப்போய் மெதுவாகக் கேட்டார். “எனக்க பேச்சு அவ்வளவு மோசமா இருந்துதா மக்கா?”

அப்போதாவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். ஒலிப்பதிவு மிஷின் பழுதாகி, அவர் பேசியதெல்லாம் அழிந்துவிட்டது என்றேன். அவர் முகம் தெளிந்துவிட்டது.

“சாரமில்ல மக்கா. மிஷின் கெட்டா நீ என்ன செய்வ?” என்று என் தோளைத் தட்டிவிட்டு, வேனில் காத்திருந்த பெண்களிடம் எனக்காகச் சமாதானம் சொல்லப் போனார். எனக்கு அங்கேயே செத்துவிடலாம் போலிருந்தது.

யாராவது அந்தப் படத்தைக் குறை சொன்னால் இன்றும் எனக்குப் பரிந்து பேசுகிறாராம். எதுவும் அழியவில்லை. அவர் பேசிய ஒவ்வொரு சொல்லும் என் கம்ப்யூட்டரில் அப்படியே இருக்கிறது. அதைப் போட்டுக் காட்டினால் நான் சொன்னது பொய் என்று தெரிந்துவிடும் என்ற ஒரே பயத்தில், என்னை நம்பிய ஒரு மனுஷியின் குரலை இன்னும் பூட்டியே வைத்திருக்கிறேன்.