படுக்க ஓர் இடம்

உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டில் நான் வேலைக்குப் போக தினமும் நிற்கும் இடத்தில், கடைசி சிமெண்ட் பெஞ்சில் ஒரு புருஷனும் பெண்டாட்டியும் குடியிருந்தார்கள். ஏரிப் புறம்போக்கில் இருந்த குடிசையை ஆக்கிரமிப்பு என்று இடித்த பிறகு வந்தவர்கள். அந்தம்மாவுக்கு ஒரு பக்கம் கைகால் விழுந்துவிட்டது. உட்கார வைத்தால் சரிந்துவிடுவார். புருஷன் லோடு இறக்கப் போகும்போது, "சார், பஸ் வர்ற வரிக்கும் இவளக் கொஞ்சம் பாத்துக்கோங்க" என்பார்.

ஒரு காலை பெஞ்சுகளின் குறுக்கே இரும்புக் கம்பி பற்றவைத்துக்கொண்டிருந்தார்கள். அந்தம்மா தரையில் கிடந்தார்.

"கம்பி வச்சிட்டா இவ எங்க படுப்பா?" என்று கேட்டார் அவர்.

"என்னாண்ட கேட்டா? படுக்கக்கூடாதுன்னுதான் வைக்கச் சொல்லிகீறாங்க" என்றார் வெல்டர், தலை நிமிராமல்.

அந்த வாரமே இருவரையும் காணவில்லை.

மழைக்காலத்தில் அப்பா இறந்தார். கொள்ளிச் சட்டியோடு சுடுகாட்டுக்குள் நுழைந்தபோது, வருகிறவர்கள் ஒதுங்குவதற்காகக் கட்டிய கொட்டகையில் அவர்கள் இருந்தார்கள். பாய், குடம், இரண்டு மூட்டைத் துணி.

"பொணம் வர்ற எடத்துல இன்னா குடித்தனம்? ஏந்துரு!" என்று சித்தப்பா கத்தினார்.

"மழை பேயுது, வுடு சித்தப்பா" என்றேன். அதற்குள் அந்த மனிதர் தன் மனைவியைத் தூக்கிக்கொண்டு வேப்ப மரத்தடிக்குப் போய்விட்டார். எரிமேடைக் கூரைக்குக் கீழே அப்பா எரியும்வரை இருவரும் அங்கேயே நனைந்தார்கள்.

மறுநாள் பால் தெளிக்கப் போனபோது, "இங்க பயமா இல்லியாண்ணே?" என்று கேட்டேன்.

"இன்னா பயம் சார்? பொணம் வந்தாதான் எழுப்புறாங்க. மத்த நேரம் நிம்மதியாத் தூங்குறா."

பிறகு அந்தக் கொட்டகைக்கும் கிரில் கேட் போட்டுப் பூட்டிவிட்டார்கள்.

போன மாதம் காஞ்சிபுரத்தில் ஒரு டீக்கடை ஓரம் அவரைத் தனியாகப் பார்த்தேன். அந்தம்மாவுக்கு ஜுரம் கண்டு ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தாராம்.

"பொம்பள வார்டுல ஆம்பள தங்கக்கூடாதுன்னுட்டாங்க சார். வராண்டால படுத்தா செக்யூரிட்டி வெரட்டினான். எதிர் பிளாட்பாரத்துல படுத்துக்கினேன். காலைல போய்ப் பாத்தா, ராவுலயே உசுரு போயிடுச்சின்னாங்க."

"கூட யாருமே இல்லியா?"

"நான்தான். என்னத்தான் உள்ள வுடலியே."

டீ சொன்னேன். ஆறும்வரை கையில் வைத்திருந்துவிட்டு, குடிக்காமலே கிளாஸை மேசையில் வைத்தார். மார்க்கெட்டில் லாரி வந்திருக்கும் என்று சொல்லிவிட்டுப் போனார்.