கன்னியம்மா கேட்காமல் விட்ட கை

கும்மிடிப்பூண்டிப் பக்கம் அந்தக் காலனியில், பஞ்சாயத்து பிரசிடெண்ட் தேர்தலுக்கு முன்னால் இன்னொரு தேர்தல் உண்டு. காலனி சார்பில் யார் நிற்பது என்று கோயில் வாசலில் கை தூக்கி முடிவு செய்வார்கள். வீட்டுக்கு ஒரு கை. புருஷன் இருந்தால் அவன் கைதான் கணக்கு.

இரண்டாயிரத்து ஆறில் அந்தப் பதவி பெண்களுக்கு என்று ஆனது. லேபர் கான்ட்ராக்டர் சடையப்பன் தன் பெண்சாதியை நிறுத்துவதாகச் சொன்னான். அவளை ஒரு கூட்டத்திலும் யாரும் பார்த்ததில்லை. பாட்டில் கம்பெனியில் வேலை செய்யும் கன்னியம்மா எழுந்து, "நானும் நிக்கறேன்" என்றாள். சொன்னால் சொன்னதுதான், அவள் அப்படி.

பதினைந்து நாள் அலைந்தாள். விடியற்காலையில் கம்பெனி பஸ் நிற்கும் இடத்தில் ஆம்பளைகளைப் பிடித்தாள். சாயங்காலம் வெற்றிலைத் தட்டோடு வீடு வீடாக ஏறினாள். ஷிப்ட் முடிந்து பெண்கள் இருட்டில் நடந்து வருகிற ரோட்டுக்கு லைட் வேண்டும், அதுக்குத்தான் நிற்கிறேன் என்றாள்.

"பொம்பளைக்கு இன்னாத்துக்கு இந்தப் பேஜாரு?" என்றார் ஒரு வீட்டில் ஆதிகேசவன்.

"உம் பொண்ணும் அந்த ரோட்லதானே நடந்துகினு வருது மாமா?"

அவர் தட்டிலிருந்து பாக்கை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை எண்ணினார்கள். மொத்தம் அறுபத்தோரு வீடு. இவளுக்கு முப்பது, சடையப்பன் பக்கம் முப்பது. தூக்காத கை ஒன்றே ஒன்று. யாரென்று பார்த்தால் இவள் புருஷன் சின்னராசு! கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறான்.

"இன்னாயா?" என்றாள்.

"அறுபது ஊட்டுல தட்டு நீட்டின. என்னை எவ கேட்டா?"

சனம் சிரித்தது. கன்னியம்மாவுக்குச் சுரீரென்றது. சொந்த வீட்டில் எதுக்குக் கேட்பது என்று இருந்துவிட்டாள்தான். கோபித்துக்கொண்டு போயிருக்கலாம். போகவில்லை. நேராக அவன் முன்னால் வந்து நின்றாள்.

"தப்புதான்யா. இப்போ கேக்கறேன். உன் கை எனக்கு வேணும்."

"நீ பிரசிடெண்டாயிட்டா காலைல நாஷ்டா?"

"நீதான் செய்யணும். உப்பு இல்லாங்காட்டியும் துன்றேன். பொய் சொல்லி உன் கையை வாங்க மாட்டேன்."

சின்னராசு கட்டிய கையைப் பிரித்தான். பிறகு தோள் வரைக்கும் தூக்கினான்.

"மேல தூக்குண்ணே, தெரியல!" என்று பின்னாலிருந்து ஒருத்தி கத்தினாள். முழுசாகத் தூக்கினான்.

சடையப்பன் மறுபடி எண்ணச் சொன்னான்.

"நல்லா எண்ணுங்கண்ணே. நான் இங்கியேதான் நிக்கறேன்" என்றாள் கன்னியம்மா.

எண்ணினார்கள். முப்பத்தொன்று.