பாட்டு தேய்ந்து நிற்கிற இடம்

கண்ணாடி அறுக்கிறவர் கடையில் யாரும் வாயைத் திறக்கக் கூடாது. அது அவர் போட்ட சட்டம். அறுக்கிற முனையைக் கண்ணாடி மேல் வைத்து ஒரே இழுப்பாக இழுத்தால் 'சர்ர்' என்று மெல்லிசாக ஒரு சத்தம் வரும். அது நடுவில் விட்டுப்போனால், தட்டும்போது கண்ணாடி தன் இஷ்டத்துக்கு உடையும். கையால் இல்லை, காதால்தான் வேலை என்பார் அந்த மனுஷன். வந்தவர் இருமினால்கூட முறைப்பார்.

அந்தச் சட்டம் ஒருத்தியிடம் மட்டும் செல்லாது. கடைக்கு மேலேதான் வீடு. மத்தியானம் சாப்பாட்டுத் தூக்கோடு அவர் மனைவி மாடிப்படி இறங்கி வருவாள், சீட்டியடித்துக்கொண்டே. எந்நாளும் அதே ராகம்.

"பொம்பளையா, ரயில் வண்டியா?" என்று பக்கத்து முடிதிருத்தும் கடைக்காரர் கேட்பார்.

"வண்டி வந்தாச்சு, தண்டவாளத்தை விட்டு ஒதுங்குங்க அண்ணே!" என்பாள்.

கண்ணாடிக்காரர் கையில் இருந்ததை வைத்துவிட்டு, அவள் கடைசிப் படிக்கு வந்து முடிக்கிற வரைக்கும் சும்மா நிற்பார். என்ன பாட்டு என்று கேட்டதே இல்லை. கட்டினவள் வாயில் வருகிற ராகத்துக்கு ஊரும் பேருமா விசாரிப்பார்கள்?

அவள் செத்து மூன்று வருஷம். முதலில் அந்தச் சீட்டி காதுக்குள்ளேயே இருந்தது. போகப்போக தொடக்கம் மட்டும் வந்தது, முடிவு நழுவிவிட்டது. பாதிப் படியிலேயே நின்றுவிடுகிறாள். அதுதான் அவரை அரித்துத் தின்றது. ஆளைத்தான் கொடுத்தாச்சு, சத்தத்தையுமா கொடுப்பது?

வேறு வழியில்லாமல் மகளிடம் சொன்னார்.

"அம்மா சின்ன வயசுல வாங்கின ரெக்கார்டுல இருக்கிற பாட்டா இருக்கும்பா," என்றாள் மகள். ரெக்கார்டு என்றைக்கோ வெயிலில் வளைந்து வீணாய்ப் போயிருந்தது. அட்டை மட்டும் அலமாரிக்குப் பின்னால் கிடந்தது. அட்டையில் நீள முடி வைத்த நாலு பேர், நாலு பேருக்கும் ஒரே நேரத்தில் பல்வலி வந்த மாதிரி சுவரில் சாய்ந்து நின்றார்கள். அந்தப் பாட்டுக் குழுவின் பழைய இசைத்தட்டு எங்கேயும் கிடைக்கவில்லை. அவர்களுடைய பேர்போன பாட்டுகளை எல்லாம் பொறுக்கிச் சேர்த்த சிடி ஒன்றுதான் கிடைத்தது.

ஞாயிற்றுக்கிழமை கடையைச் சாத்திவிட்டு இரண்டு பேரும் உட்கார்ந்தார்கள்.

"ஏன் இப்படிக் கத்துறான்? யாராவது அடிக்கிறாங்களா?"

"ராக் பாட்டுன்னா அப்படித்தான்பா. பொறுமையா கேளுங்க."

"இதையா உங்கம்மா கேட்டா?"

"உங்களைத் தெரியறதுக்கு முன்னாடி கேட்டது."

அவர் முகம் சுருங்கிப் போனது. தனக்கு முன்னால் அவளுக்குள் இத்தனை சத்தம் இருந்திருக்கிறது, தனக்குத் தெரியவே இல்லையே என்று இருந்தது. ஒவ்வொரு பாட்டும் வந்தது, போனது. சீட்டி வரவில்லை.

கடைசிப் பாட்டு மெதுவாகத் தொடங்கியது. பாடுகிறவன் பாடி ஓய்ந்தான். அப்புறம் கிட்டார் தனியாக எழுந்தது. கண்ணாடிக்காரர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார்.

"வந்துட்டா!"

முதல் படி, இரண்டாம் படி. அவ்வளவுதான். சத்தம் தேய்ந்து, தேய்ந்து, இல்லாமல் போனது.

"ஏன்டி நிறுத்தினே?"

"நான் நிறுத்தலப்பா. ரேடியோவுக்காகச் சுருக்கின பாட்டையே இதுல போட்டிருக்காங்க."

"நல்ல பாட்டைப் பொறுக்கிப் போடறேன்னு சொல்லிட்டு வாலை வெட்டிக் கொடுப்பானா? ஜன்னலுக்கு முக்கால் கண்ணாடி போட்டுக் கொடுத்தா என்னை விடுவாங்களா?"

மகள் சிரித்தபடி தன் போனில் தேடி முழுப் பாட்டையும் எடுத்து அவர் காதோரம் பிடித்தாள். கிட்டார் நிற்காமல் வந்தது. பாதிப் படியைத் தாண்டி வந்தது. முடிவில் அது சட்டென்று உச்சிக்கு ஏறியது.

"தப்பு!" என்றார்.

"என்னப்பா தப்பு? இதுதான் அசல்."

"அசலாவது மண்ணாவது. இந்த இடத்துல அவ ஏற மாட்டா. இறங்குவா." சொல்லும்போதே கை காற்றில் இறங்கியது. இறங்கிய கையையே பார்த்தார். உதட்டைக் குவித்து ஊதினார். வெறும் காற்றுதான் வந்தது. ஆனாலும் அந்தக் காற்று சரியான இடத்தில் இறங்கியது. அது அம்மாவின் இறக்கம் என்று மகளுக்குத் தெரிந்துவிட்டது, கண் நிறைந்துவிட்டது.

"அம்மாவுக்கு முன்பல்லுல இடைவெளிப்பா. உச்சிக்குப் போனா சத்தம் வராது. அதனால பாட்டே அப்படித்தான்கிற மாதிரி இறக்கிடுவாங்க."

"இத்தனை வருஷமா என்னை ஏமாத்தியிருக்காளா?" என்றார். அவள் போன பிறகு அவர் அப்படிச் சிரித்து யாரும் பார்க்கவில்லை.

"இன்னொரு தரம் முழுசா கேளுங்களேன்."

"வேண்டாம். அதை அணை. இவன் ஏறி ஏறிக் காட்டினான்னா, அவ இறங்கினது எனக்கு மறந்துடும். அந்த வெட்டின பாட்டே போதும்."

மகள் எவ்வளவோ சொல்லிப் பார்த்தாள். மனுஷன் அசையவில்லை.

இப்போது அந்தக் கடையில் மத்தியானம் ஒரு பாட்டு உண்டு. கடைசிப் பாட்டு மட்டும். அது தேய்ந்து ஓய்ந்ததும் பட்டனை அமுக்கிவிட்டு, கையைக் கட்டிக்கொண்டு மாடிப்படியைப் பார்த்து நிற்பார். ஒருநாள் அலமாரிக் கதவுக்குக் கண்ணாடி வாங்க வந்தவர் பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "பாட்டுதான் முடிஞ்சிடுச்சே, அறுக்கலாமே?"

"இருங்க," என்றார் கண்ணாடிக்காரர். "இன்னும் கடைசிப் படிக்கு வரலை."