பஸ்ஸில் வந்த முயல் குழம்பு

எங்கள் மலைப்பாதையில் பஸ் ஓட்டிய சராந்திஸ் என்னோடு படித்தவன். துப்பாக்கி வெடித்தால் காதைப் பொத்திக்கொள்வான். அவன் மனைவி தெக்லாவோ, ஓடுகிற முயலை ஓட்டத்திலேயே சாய்ப்பவள். அவள் வேட்டையாடிக் கொண்டுவருவாள், அவன் சமைப்பான். கிரேக்க நாட்டு ஆர்க்காடியா மலையில் இது போதாதா, ஊர் சிரிக்க?

அதிகம் சிரித்தவர் வேட்டைக்காரர் சங்கத் தலைவர் ஸ்டெர்யோஸ். "என்னடா சராந்திஸ், பொண்டாட்டி காட்டுக்குப் போயாச்சு, நீ வெங்காயம் உரிச்சாச்சா?" என்பார்.

"உரிச்சாச்சு அண்ணே. அழுதும் முடிச்சாச்சு" என்பான் இவன்.

அந்த வருடச் சங்க விருந்துக்கு தெக்லா இரண்டு கொழுத்த முயல்கள் கொண்டுவந்தாள். சராந்திஸ் கறியைச் சிவப்பு ஒயினில் பிரிஞ்சி இலையும் கிராம்பும் போட்டு ஊறவைத்தான். கறியின் எடைக்குச் சமமாகச் சின்ன வெங்காயம் உரித்து, ஆலிவ் எண்ணெயில் முழுசாக வதக்கினான். ஸ்திஃபாதோ என்கிற இந்தக் குழம்பில் வெங்காயம் உடையக் கூடாது. கரண்டி போடக் கூடாது. பானையைப் பிடித்துக் குலுக்கத்தான் வேண்டும்.

ஆனால் விருந்தன்று அவனுக்கு நகரத்துக்கு பஸ் இருந்தது.

"வெச்சிட்டுப் போ, நான் பாத்துக்கறேன்" என்றாள் தெக்லா.

"நீயா? போன தடவை கிண்டிக் கூழாக்கினவதானே நீ."

பானையைப் போர்வையில் சுற்றி, டிரைவர் இருக்கைக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கிளம்பிவிட்டான். நகரத்தில் அக்கா வீட்டு அடுப்பில், பஸ் திரும்பும் நேரம் வரை, அது மெதுவாக வெந்தது.

திரும்புகையில் நானும் அந்த பஸ்ஸில் இருந்தேன். விருந்துக்கு ஒயின் வாங்கிய ஸ்டெர்யோஸும் பெரிய ஜாடியோடு முன் இருக்கையில் இருந்தார். போர்வைக்குள்ளிருந்து கிராம்பும் ஒயினும் கலந்த வாசனை கசிந்தது. பேச்சு ஒவ்வொன்றாக அடங்கியது.

ஊருக்குக் கீழே, கடைசி வளைவில் பாறை சரிந்து கிடந்தது. மழைக்குப் பிந்தைய குளிர். பாறையை அகற்றும் இயந்திரம் வர நேரமாகும் என்று தகவல் வந்தது.

"டேய், அந்த மூடியைச் சும்மா கொஞ்சம் தூக்கேன். வாசம் மட்டும் பாத்துக்கறோம்" என்றார் ஸ்டெர்யோஸ்.

"அது பொம்பளை வேலை அண்ணே. உங்களுக்கு எதுக்கு?"

பஸ்ஸே சிரித்தது. அவர் முகம் சிவந்தது. சராந்திஸ் எல்லோர் முகத்தையும் பார்த்தான். பிறகு போர்வையைப் பிரித்தான். "ஆறவெச்சுக் கொண்டுபோய் யாருக்குக் குடுக்க? ரொட்டி வெச்சிருக்கறவங்க எடுங்க."

நகரத்தில் வாங்கிய ரொட்டிகள் வெளியே வந்தன. ஜாடியும் திறந்தது. வெங்காயம் ஒவ்வொன்றும் முழுசாக, பளபளவென்று, நாக்கில் வைத்ததும் கரைந்தது. ஸ்டெர்யோஸ் மீசையில் குழம்பு வழியச் சாப்பிட்டார்.

பஸ் வராததால் மேலேயிருந்து ஊர்க்காரர்கள் மண்வெட்டியோடு இறங்கி வந்தார்கள். முன்னால் தெக்லா. உள்ளே நாங்கள் பாடிக்கொண்டிருந்தோம். அவள் பானைக்குள் எட்டிப் பார்த்தாள்.

"என் முயல் எங்க?"

ஸ்டெர்யோஸ் தன் கையிலிருந்த ரொட்டித் துண்டை நீட்டினார். "ஒரு வாய் இருக்கும்மா. துடைச்சு எடுத்துக்க."

அவள் பானையைச் சுற்றித் துடைத்து வாயில் போட்டாள். நிதானமாக மென்றாள். சராந்திஸ் கையைப் பிசைந்துகொண்டு நின்றான்.

"உப்பு கொஞ்சம் கம்மி" என்றாள். அப்புறம் அவளாலேயே சிரிப்பை அடக்க முடியவில்லை.

சங்கக் கட்டடத்தில் ஆறிக்கொண்டிருந்த மற்ற பானைகளையும் சிலர் ஓடிப்போய்த் தூக்கிவந்தார்கள். பாறைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக விருந்து நடந்தது. இயந்திரம் வந்தபோது அதன் ஓட்டுநரையும் பிடித்து உட்காரவைத்தோம்.

அங்கேயே ஸ்டெர்யோஸ் எழுந்து, சராந்திஸைச் சங்கத்தில் சேர்க்க வேண்டும் என்றார்.

"எனக்குச் சுடத் தெரியாதே அண்ணே."

"எங்கள்ல பாதிப் பேருக்குத் தெரியாதுடா. வெளிய சொல்லிடாத."

அன்றிலிருந்து ஒவ்வொரு விருந்துக்கும் சங்கத்துப் பானை அவன் பொறுப்பு. வேட்டைக்காரர்கள் அதிகாலையில் அவன் வீட்டுத் திண்ணையில் வரிசையாக உட்கார்ந்து, மூக்கை உறிஞ்சிக்கொண்டு வெங்காயம் உரிப்பார்கள். தெக்லா துப்பாக்கியைத் தோளில் மாட்டிக்கொண்டு அவர்களைத் தாண்டிக் காட்டுக்குப் போவாள்.