அவ பாடு

நான் காணாமல் போய்விட்டதாகப் புகார் கொடுத்தவர் என்னைப் பெற்ற நைனா. நான் எங்கேயும் காணாமல் போகவில்லை. அனுப்பம்பட்டில் கூடப் படித்தவள் வீட்டில் இருந்தேன். அதை அம்மாவுக்குப் போனிலும் சொல்லியிருந்தேன். ஆனால் நைனா பிடித்த முயலுக்கு மூன்றே கால். மகளை ஒருத்தன் கடத்திவிட்டான் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். அதனால் போலீஸ் என்னைப் பொன்னேரி கோர்ட்டுக்கு அழைத்து வந்தது.

கடத்தியதாகச் சொல்லப்பட்டவன் எங்கள் ஊர் ஏரியின் மேற்குக் கரைக்காரன். அவன் வீட்டு ஆட்கள் ஏரித் தண்ணீரில் உட்கார்ந்து, சேற்றைக் கையால் தடவி இறால் பிடிப்பார்கள். நாங்கள் கடலோரக் குப்பம், படகும் வலையும் உள்ளவர்கள். இரண்டு வீட்டுக் குழம்பிலும் கொதிப்பது ஒரே இறால்தான் என்றாலும், கையால் பிடிப்பவன் எங்கள் ஆட்களுக்கு மட்டம். எனக்கு வயது இருபத்துமூன்று. யாரோடு வாழ்வது என்பதை நானே முடிவு செய்யலாம், பெற்றவர்கள்கூடத் தடுக்க முடியாது என்று எனக்காக வந்த வக்கீலம்மா சொல்லியிருந்தார். சட்டம் தெளிவாகத்தான் இருந்தது. வராண்டாவில் நின்ற கூட்டத்துக்குத்தான் அது தெரியவில்லை.

சித்தப்பா குப்பத்து ஆட்களை வேனில் ஏற்றிக்கொண்டு வந்திருந்தார். வழியை அடைத்துக்கொண்டு நின்றார்கள்.

"உள்ள இன்னா வேணா சொல்லிக்கோ. வெளிய வந்துதானே ஆவணும்," என்றார் சித்தப்பா, சாதாரணக் குரலில். கத்தியிருந்தால் எனக்கு அவ்வளவு பயம் வந்திருக்காது. நல்லவேளை, நான் விரும்பியவனை வக்கீலம்மாவின் ஆபீஸிலேயே உட்காரவைத்திருந்தோம்.

அம்மா என் கையைப் பிடித்தாள். "என் பொணத்தத் தாண்டிப் போ." சினிமா வசனம்தான். ஆனால் பிடி நிஜம். அவள் விரல்களைப் பிரித்துவிட்டு உள்ளே போனேன்.

உள்ளே மாஜிஸ்திரேட் கேட்டார்: "யாராவது கட்டாயப்படுத்தினாங்களா? யாரோட போக விரும்புறீங்க?"

"யாரும் கட்டாயப்படுத்தல. எனக்குப் புடிச்சவரோட போறேன்."

கேட்கவில்லை, சத்தமாகச் சொல்லுங்கள் என்றார். சொன்னேன். அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"இவங்க மேஜர். இவங்க விருப்பப்படி போகலாம்," என்றவர் நைனா பக்கம் திரும்பினார். "நீங்க ஏதாவது சொல்லணுமா?"

நைனா தரையைப் பார்த்தபடி சொன்னார்: "சொல்றதுக்கு இன்னா கீது சார். இனிமே அவ பாடு."

மாஜிஸ்திரேட் தலையசைத்துவிட்டு அடுத்த வழக்குக்குப் போய்விட்டார். ஊருலகத்தில் 'அவ பாடு' என்றால், எக்கேடாவது கெட்டுப் போகட்டும் என்று அர்த்தம். நைனாவும் அந்த அர்த்தத்தில்தான் சொன்னார், எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் எங்கள் குப்பத்தில் பாடு என்பது வேறு. ஏரியில் எந்த இடத்தில் என்றைக்கு யார் வலை போடுவது என்று சீட்டுப் போட்டு முறை பிரிப்பார்கள். அந்த முறைதான் பாடு. இன்றைக்கு ஒருத்தன் பாடு என்றால் அங்கே கூடப்பிறந்தவன்கூட வலை இறக்கக் கூடாது. நாலு பேர் முன்னால் சொல்லிவிட்டால் மாற்றவும் கூடாது. அதெல்லாம் ஆண்களுக்குத்தான். ஒரு பெண்ணின் பாடு என்று அதுவரை குப்பத்தில் யாரும் சொன்னதில்லை.

கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்த ஆட்கள் குழம்பிப்போயிருந்தார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். வராண்டாவுக்கு வந்ததும் சித்தப்பா மட்டும் நைனாவை மறித்தார்.

"இன்னாண்ணா, பாடுன்னு சொல்லிட்ட?"

"கோவத்துல வந்துச்சுடா."

"அப்ப இஸ்துகினு போலாமா?"

நைனா 'உம்' என்றால் போதும், என்னை வேனில் ஏற்றிவிடுவார்கள். வக்கீலம்மா போலீஸ்காரரைத் தேடி ஓடினார். நான் நைனாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன். என் தகப்பனைப் பார்த்து நான் அப்படிப் பயந்தது அன்றுதான்.

"சொன்னது சொன்னதுதான்," என்றார் நைனா. "வழி வுடு."

ஒதுங்கினார்கள். அம்மாவையும் அவர்தான் விலக்கினார். என்னைப் பார்க்கவில்லை.

தெருவில் நடந்தபோது சந்தோஷம் வரவில்லை. உடம்பெல்லாம் ஆத்திரம்தான். மாஜிஸ்திரேட் சொன்னபோது அசையாத குப்பத்துக் கால்கள் நைனா சொன்னதும் நகர்கின்றன. அப்படியென்றால் நான் படியேறி வாய்விட்டுச் சொன்னது யாருக்கு?

வக்கீலம்மாவின் ஆபீஸில் அவன் எழுந்து நின்றான். "உங்க நைனா ஒத்துக்கினாரா?"

"இல்ல," என்றேன். "ஒதுங்கிக்கினாரு."

அதைச் சொன்ன பிறகுதான் எனக்கு அழுகை வந்தது.