நாற்பது பக்கமும் ஒரு கழுத்தும்

நடிப்புத் தொழிலில் அழுவதற்குச் சோகம் வேண்டாம், கிளிசரின் இருக்கிறது. சிரிப்பதற்குச் சந்தோஷம் வேண்டாம், டைரக்டர் இருக்கிறார். பொறுமையை மட்டும் வீட்டிலிருந்தே கொண்டுவர வேண்டும்.

காலையில் டிபன் பாக்ஸைத் தூக்கிக்கொண்டு ஓடி, சில்க் போர்டு நெரிசலில் ஒற்றைக் காலில் நிற்கிற சக பெங்களூர்வாசிகளே, நடிகை என்றதும் காரில் வந்து இறங்குகிறவள் என்று நினைத்து என்னை ஒதுக்கிவிடாதீர்கள். உங்கள் பஸ்ஸில்தான் நானும் வருகிறேன். ஆஸ்டின் டவுனில் வீடு, அத்திபெலே பக்கம் ஷூட்டிங். பதினோரு வருஷமாகக் கன்னட சீரியல்களில் மாமியார், பெரியம்மா, ஒரே ஒரு வாரம் போலீஸ் இன்ஸ்பெக்டர். அதற்கு முன்னால் தமிழ் மேடை நாடகம். மேடையை நானாக விடவில்லை. மகள் பிறந்தாள், சீரியல் வந்தது, அது அப்படியே கை நழுவிப் போய்விட்டது. இந்த வருஷம் அது மறுபடி வாசலில் வந்து நின்றபோது, உள்ளே இழுத்துக் கதவைச் சாத்த நான் பட்ட பாடுதான் இது.

ஊட்டிவிடுகிறவர்

சீரியலில் யாரும் வசனத்தை மனப்பாடம் செய்வதில்லை. முகத்துக்கு மேக்கப் போட்டுக்கொண்டிருக்கும்போதுதான் சீன் பேப்பரே வாட்ஸ்அப்பில் வந்து விழும். அதனால் காமிராவுக்கு இடது பக்கம் ஓர் உதவி டைரக்டர் பேப்பரோடு நின்று, வரி வரியாகச் சத்தம் போட்டுப் படிப்பார். நாங்கள் அதைக் காதில் வாங்கி, கொஞ்சம் உணர்ச்சியைச் சேர்த்துத் திருப்பிச் சொல்வோம். பிராம்ப்டிங் என்று பெயர். அவர் குரல் டப்பிங்கில் போய்விடும். எங்கள் செட்டில் இந்த வேலை முருகேஷுடையது. ஓசூர்க்காரர், வீட்டில் தமிழ், வேலையில் கன்னடம், இரண்டும் தண்ணீர் பட்ட பாடு. "ஐயோ, என்னை விட்டுப் போய்விட்டாயா மகனே" என்பதையும் "காபியில் சர்க்கரை போதுமா" என்பதையும் ஒரே குரலில், பிளாட்பாரத்தில் ரயில் அறிவிக்கிற மாதிரி படிப்பார்.

நான் சேர்ந்த முதல் நாள், மேடைப் பழக்கத்தில், மூன்று பக்கத்தையும் உருப்போட்டுக்கொண்டு போய்விட்டேன். அவர் ஒரு வரியைப் படித்து முடிப்பதற்குள் நான் அடுத்த வரியில் இருந்தேன். இரண்டு குரலும் முட்டிக்கொண்டதில் ஏழு டேக் ஆனது. டைரக்டர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். முருகேஷ் என்னை ஓரமாகக் கூப்பிட்டு, ரொம்ப மரியாதையாகச் சொன்னார்: "நீங்க யோசிச்சிப் பேசினா லேட்டாவுதுக்கா. யோசிக்கிறத என்கிட்ட உட்டுடுங்க."

ஃப்ரிட்ஜைப் பார்த்து நின்றது

விட்டுவிட்டேன். பதினோரு வருஷம்.

மாலினி என்னோடு கல்லூரியில் நாடகம் போட்டவள். வார நாட்களில் ஒரு சாஃப்ட்வேர் கம்பெனியில் மேனேஜர், சாயங்காலத்திலும் சனி ஞாயிறிலும் நாடக டைரக்டர். கம்பெனியில் காட்ட முடியாத கோபத்தையெல்லாம் ரிகர்சலுக்குச் சேர்த்து வைத்துக்கொள்கிறாளோ என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்து, ஸ்கிரிப்ட் ஒன்றை மேஜையில் போட்டாள். கார்மென்ட்ஸ் தொழிற்சாலையில் தைக்கிற ஒரு பெண், விசாரணைக் கமிட்டியின் முன்னால் நின்று பதில் சொல்கிறாள். மேடையில் அவள் மட்டும்தான். நாற்பது பக்கம், ஒன்றேகால் மணி நேரம். ஒரே மூச்சில் படித்து முடித்தேன். நான் யாரிடமும் வேஷம் கேட்டதில்லை, கொடுத்ததைச் செய்கிறவள். அன்று கேட்டேன். இது எனக்கு வேண்டும் மாலினி, வேறு யாருக்கும் கொடுத்துவிடாதே என்று வெட்கமில்லாமல் கேட்டேன்.

பேப்பரைப் பார்த்து நான் படித்தபோது அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிறகு முதல் பக்கத்தை மட்டும் பேப்பர் இல்லாமல் சொல்லச் சொன்னாள். முதல் வரியைச் சொன்னேன். அத்தோடு நின்றுவிட்டேன். மறந்துபோய் அல்ல. என் தலை தானாக இடது பக்கம் திரும்பி, அடுத்த வரியை யாராவது சொல்லட்டும் என்று காத்துக்கொண்டிருந்தது. அங்கே எங்கள் வீட்டு ஃப்ரிட்ஜ்தான் இருந்தது. இரண்டாவது தடவையும் அதே இடத்தில் நின்று அதே ஃப்ரிட்ஜைப் பார்த்தேன். அப்படி ஓர் அவமானம் எனக்கு எந்த மேடையிலும் நேர்ந்ததில்லை.

மாலினி ஸ்கிரிப்டைப் பைக்குள் வைத்தாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு மறுபடி எடுத்தாள். ஆறு வாரம் தருகிறேன் என்றாள். முடிவில் இருபது பேரைக் கூப்பிட்டு உட்கார வைத்து, முழு நாடகத்தையும் பார்ப்பாளாம். நடுவில் ஒரே ஒரு தடவை நான் இடது பக்கம் திரும்பினாலும் வேஷம் வேறொருத்திக்குப் போய்விடும். வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள்: "உன் நடிப்புல எனக்குச் சந்தேகமே இல்ல விமலா. உன் கழுத்துலதான் சந்தேகம்."

ஜன்னல் ஓர சீட்

அத்திபெலே போகிற பஸ்ஸில் ஜன்னல் ஓரம் கிடைத்தால் ஒன்றரைப் பக்கம் உருப்போடலாம், நின்றுகொண்டு போனால் அரைப் பக்கம். ஒரு நாள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு முணுமுணுத்தபடி போனேன். "நான் மயக்கம் போட்டு விழல சார். பாத்ரூமுக்குப் போக விடல, அதனால விழுந்தேன். எழுதிக்கோங்க." பக்கத்து சீட்டில் இருந்த பெண் என் கையைச் சட்டென்று பிடித்தாள். கழுத்தில் ஐ.டி. கார்டு தொங்கியது, அவளும் கார்மென்ட்ஸ்தான். "எந்த யூனிட்டுக்கா? தனியா போயி நிக்காதீங்க, எங்க லாயரம்மா நம்பர் தரேன்" என்றாள். நாடகம் என்று சொல்லவே கூச்சமாக இருந்தது, ஆனாலும் சொன்னேன்.

அவளுக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். பிறகு பேப்பரைக் கேட்டு வாங்கி, இரண்டு ஸ்டாப் வரைக்கும் படித்தாள். ஓர் இடத்தில், அடைப்புக்குறிக்குள் 'அழுகிறாள்' என்று இருந்ததன் மேல் விரலை வைத்தாள். இறங்கும்போது என் தோளைத் தட்டிவிட்டுச் சொன்னாள்: "கமிட்டி முன்னாடி நாங்க அழ மாட்டோம்கா. அழுதா அங்கயே கேஸ் முடிஞ்சிடும்."

சாவி

ரிகர்சலுக்கு ஒக்கலிபுரத்தில் ஒரு மாடி ஹால். பின்னாலேயே தண்டவாளம், பத்து நிமிஷத்துக்கு ஒரு ரயில். சாவி கீழ்வீட்டுச் சரோஜாம்மாவிடம் இருக்கும். அவர் தமிழ்க் குடும்பம்தான், ஆனால் எங்கள் கன்னட சீரியலை ஒரு நாள் விடாமல் பார்க்கிறவர். அந்த வாரம் நான் மருமகளின் பாலில் விஷம் கலந்திருந்தேன். சாவி கேட்டு நின்றவளை அவர் மேலும் கீழும் பார்த்தார். மாலினி வந்து வாங்கட்டும் என்று சொல்லிவிட்டார். மாலினி எப்போதும் முக்கால் மணி நேரம் தாமதமாக வருகிறவள். அந்த வாரம் முழுக்க மாடிப்படியில் உட்கார்ந்தே ஒன்பதாம் பக்கத்திலிருந்து பதினைந்தாம் பக்கம் வரைக்கும் ஏற்றிவிட்டேன். அது வெறும் கதைதானே அம்மா என்று ஒரு நாள் கேட்டதற்கு, சாவியை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டே சொன்னார்: "கதைதான்னு எனக்கும் தெரியும்மா. ஆனா அந்தப் பொண்ணு வாயும் வயிறுமா இருக்கிறப்ப உனக்கு எப்படி மனசு வந்துச்சு?"

படுக்கையில் பதினெட்டுப் பக்கம்

நாலாவது வாரம் முடியும்போது இருபத்திரண்டு பக்கம்தான் ஏறியிருந்தது. சீரியல் டைரக்டரிடம் ஒரு வாரம் லீவு கேட்டேன். வில்லியை இந்த நேரத்தில் வெளியே விட முடியாது என்றார். ரொம்பக் கெஞ்சியபோது வழக்கமான மூன்று வழிகளைச் சொன்னார். மாமியாரைக் காசிக்கு அனுப்பலாம், அமெரிக்காவில் இருக்கிற மகனிடம் அனுப்பலாம், கோமாவில் படுக்க வைக்கலாம். அமெரிக்கா போன மாமியார் யாரும் எங்கள் தொழிலில் திரும்பி வந்ததில்லை. அவள் இடத்துக்கு வேறொருத்தி வந்துவிடுவாள். காசியும் அப்படித்தான். கோமாதான் பத்திரம். ஆனால் செட்டுக்கு வந்து படுக்க வேண்டும். சரி என்று கதையில் மாடிப்படியில் உருண்டு விழுந்து கோமாவில் படுத்தேன்.

அந்த ஆறு நாளும் நான் பட்ட பாடு உங்களில் ஆபீஸ் மீட்டிங்கில் உட்கார்ந்து வேறு வேலை பார்க்கிறவர்களுக்குப் புரியும். எனக்கு ஒரு வரி வசனம் கிடையாது. ஆனால் கட்டிலைச் சுற்றி எல்லோரும் அழுகிறார்கள், அவர்களுக்காக முருகேஷ் என் காதுக்குப் பக்கத்தில் நின்று கன்னடத்தில் கத்துகிறார். அந்தக் குரல் வந்தால் என் வாய் தானாகத் திறக்கும், அத்தனை வருஷப் பழக்கம். பல்லைக் கடித்துக்கொண்டேன். அவர் ஒரு வரி படித்தால் நான் மனசுக்குள் என் தையல்காரியின் வரியைச் சொன்னேன். முதல் நாள் தலைவலி, இரண்டாம் நாள் காய்ச்சலே வந்துவிடும் போல இருந்தது. மூன்றாம் நாள் அவர் குரல் ஃபேன் சத்தம் போலத் தூரமாகிவிட்டது. இருபத்துமூன்று, இருபத்துநாலு என்று பக்கங்கள் நகர்ந்தன. நாலாம் நாள், மருமகள் என் மேல் விழுந்து கதறுகிற முக்கியமான ஷாட்டில், காமிராமேன் கையைத் தூக்கிக் கத்தினார்: "கட் மாடி சார், கட் பண்ணுங்க! கோமால இருக்கிற மேடம் ஏதோ வாக்குமூலம் குடுத்துட்டிருக்காங்க!"

இருபத்தொன்றாவது ஆள்

ஆறாவது வார ஞாயிற்றுக்கிழமை, காலை பதினொரு மணி. ஒக்கலிபுரம் ஹாலில் இருபது பேர் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். உள்ளே போகிற நேரத்தில் மாலினி என் தோளைப் பிடித்து நிறுத்தி, இடது ஓரம் முதல் நாற்காலியைப் பார்க்கச் சொன்னாள். இஸ்திரி போட்ட சட்டையில் முருகேஷ் உட்கார்ந்திருந்தார். மடியில் நாற்பது பக்கமும் இருந்தது. எப்படியோ நம்பரைத் தேடிப் பிடித்து வரவழைத்திருக்கிறாள். "நீ திரும்பினா அவர் வரியைச் சொல்லிடுவார், நாடகம் நிக்காது. வேஷம் மட்டும் போயிடும்" என்றாள். அவளை அறைந்துவிடலாம் போல எனக்குக் கோபம் வந்தது. அதே கோபத்தோடுதான் மேடைக்குப் போனேன்.

இருபத்தேழு பக்கம் பிசகில்லாமல் போனது. இருபத்தெட்டில் ஒன்றும் இல்லை. பின்னால் ரயில் ஒன்று போனது. அது போய் முடிவதற்குள் வரி வந்துவிடும் என்று நம்பினேன். ரயில் போய்விட்டது, வரி வரவில்லை. இடது பக்கம் முருகேஷ் பேப்பரைத் தூக்குவது கண்ணோரத்தில் தெரிந்தது. அந்த வரி அவர் வாயில் தயாராக இருக்கிறது. கழுத்து நரம்பை யாரோ பிடித்து இழுக்கிற மாதிரி இருந்தது. ஒரு தடவை கேட்டுவிட்டால் நாடகம் ஒழுங்காக முடியும், வந்தவர்களுக்கு நல்லது என்றெல்லாம் மனசு நியாயம் பேசியது. மாட்டேன் என்று நின்றேன். எதிரே கமிட்டிக்காகப் போட்டிருந்த மூன்று காலி நாற்காலிகளையே பார்த்தேன். "எழுதிக்கோங்க சார்" என்று கடைசியாகச் சொன்னதையே மறுபடி சொன்னேன். ஒன்றும் வரவில்லை. இன்னொரு தடவை, மெதுவாக, "எழுதிக்கோங்க" என்றேன். அப்போது என் வலது கை, மெஷினுக்கு அடியில் துணியைத் தள்ளுகிற மாதிரி, தானாக நகர்ந்தது. கை நகர்ந்ததும் வரி வந்தது. அதற்குப் பிறகு நாற்பதாம் பக்கம் முடிகிற வரைக்கும் நான் எங்கேயும் நிற்கவில்லை.

கைதட்டல் ஓய்ந்ததும் ஒரு பெரியவர் எழுந்து, நடுவில் வந்த அந்த மௌனம் அபாரம் என்று மாலினியின் டைரக்‌ஷனைப் பாராட்டினார். மாலினி அவருக்குக் கும்பிடு போட்டுக்கொண்டே என் காதில் சொன்னாள்: "நீ மறந்துட்டன்னு எனக்குத் தெரியும். ஆனா நீ திரும்பல. வேஷம் உன்னுது." அதுவரைக்கும் அடக்கி வைத்திருந்ததெல்லாம் சேர்ந்து, நான் அந்த இடத்திலேயே கிளிசரின் இல்லாமல் அழுதேன். முருகேஷ் பக்கத்தில் வந்து நின்றார். கை வேர்வையில் இருபத்தெட்டாம் பக்கம் நனைந்து கசங்கிப் போயிருந்தது. அதை நீவிவிட்டு என்னிடம் நீட்டிச் சொன்னார்: "பதினோரு வருஷத்துல மொத தடவயா நீங்க என்னப் பாக்கலக்கா. சந்தோஷமாவும் இருக்கு, கொஞ்சம் வயித்தெரிச்சலாவும் இருக்கு."

உதவிக்கு ஆள் இல்லாதபோது சமாளித்து நிற்பதை எல்லோரும் செய்துவிடுவார்கள், சக பயணிகளே. நல்ல மனுஷர் ஒருவர் பதிலை வாயில் வைத்துக்கொண்டு பக்கத்திலேயே காத்திருக்கும்போது அவரைக் கேட்காமல் நிற்பதுதான் எங்கள் தொழிலில் கஷ்டமான நடிப்பு.