என் பெயரை எழுதுங்கள்

செய்தியைச் சொன்னவள் புஷ்பா. கொழும்பு கொட்டாஞ்சேனையில் சின்னதாக ஓர் இன்டர்நெட் கடை வைத்திருப்பவள். காலையில் தொலைபேசி எடுத்து, "அம்மா, மலர் மேடம் போயிட்டாங்கம்மா" என்றாள்.

பத்திரிகைகள் வசந்தமலர் அக்காவைக் கணினிப் பாதுகாப்பு நிபுணர் என்றும், தேசியப் பாதுகாப்புக் கொள்கையை வகுத்தவர்களில் ஒருவர் என்றும் எழுதியிருக்கின்றன. எல்லாம் சரிதான். அவரோடு வேலை செய்த நீங்கள் அந்தப் பக்கத்தை என்னைவிட நன்றாக அறிவீர்கள். நான் வெள்ளவத்தையில் அவருக்கு மேல்வீட்டில் குடியிருந்தவள். வங்கியில் வேலை பார்த்தவள். கணினியைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அது எங்கள் கிளையில் அடிக்கடி படுத்துவிடும் என்பதுதான்.

யுத்த காலம். பாதுகாப்பு ஆலோசனைக் குழு ஒன்றில் அவர் மட்டுமே தமிழர். வெள்ளவத்தையில் எங்கள் ஆட்களே சிலர் அவரைக் கண்டால் கதையை நிறுத்திவிடுவார்கள், குழுவிலும் அப்படித்தானாம். "ரெண்டு பக்கமும் என்னைக் கண்டா வாயை மூடுது. பாதுகாப்புக்கு இதைவிட என்ன வேணும்?" என்று சிரிப்பார். அந்தச் சிரிப்பைப் பார்க்க எனக்குப் பாவமாக இருக்கும்.

என் கணவரை எல்லோரும் மாஸ்டர் என்பார்கள். கணித ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். காது கொஞ்சம் மந்தம், தட்டச்சு வராது. ரொறன்ரோவில் இருக்கும் மகனுக்கு மின்னஞ்சல் அனுப்பத் தெருமுனை இன்டர்நெட் கடைக்குப் போவார். அங்கே அப்போது வேலை செய்தவள்தான் புஷ்பா. ஹட்டன் பக்கத் தோட்டத்திலிருந்து வந்து, கைக்குழந்தையோடு கொட்டாஞ்சேனையில் ஓர் அறையில் இருந்தாள். இவர் சொல்லச் சொல்ல அவள் தட்டுவாள். எங்கள் வயதுக்காரர் பாதிப்பேருக்கு அவள்தான் விரல். கடவுச்சொல்லையும் சேர்த்தே சொல்லுவார்கள். இவரோ கடை முழுக்கக் கேட்கச் சொல்லுவார்.

யாராவது கடவுச்சொல் தட்டினால் முகத்தைத் தெருப்பக்கம் திருப்பிக்கொள்வது மலர் அக்காவின் வழக்கம். தாங்களே தட்டுகிறவர்கள் வந்தால் புஷ்பாவும் அப்படிச் செய்யவேண்டும் என்று பழக்கியிருந்தார். ஒருநாள் அவர் கடையில் இருக்கும்போது இவர், "பிள்ளை, முருகன் ஒண்டு ரெண்டு மூண்டு!" என்று கூவினார். அக்கா தெருவைப் பார்த்தபடியே, "முகத்தைத் திருப்பலாம் மாஸ்டர், காதை என்ன செய்யிறது? மாத்துங்கோ" என்றார். இவர் சிரித்தார். மாற்றவில்லை.

சில வாரங்களில் இவருடைய மின்னஞ்சல் முகவரியிலிருந்து ஓர் அரச அலுவலகத்துக்குக் குண்டு மிரட்டல் போனது. பிற்பகலில் பொலிஸார் வந்து, சாரத்தோடு இருந்தவரைக் காற்சட்டை மாற்றச் சொல்லி ஏற்றிக்கொண்டு போனார்கள். நான் படியிறங்கி அக்காவின் கதவைத் தட்டினேன். மறுநாள் அவர் என்னோடு பொலிஸ் நிலையத்துக்கு வந்தார். வராமல் இருந்திருக்கலாம். குழுவில் இருக்கும் தமிழர் ஒருவர் சந்தேகநபருக்காகப் போய் நின்றால் என்ன ஆகும் என்று எங்கள் இருவருக்கும் தெரியும்.

அதிகாரி கெட்டவரில்லை, குடிக்கப் பிளேன்ரீ தந்தார். சிங்களத்தில் கதைத்தார்கள். மின்னஞ்சலில் இருக்கும் பெயர் சாட்சியாகாது, அது எந்த இணைப்பிலிருந்து புறப்பட்டது என்று சேவை தரும் நிறுவனத்தைக் கேட்கவேண்டும் என்று அக்கா பொறுமையாக விளக்கினார். அதிகாரி தலையாட்டினார். "அதற்கு நாளெடுக்கும் மெடம். இவருக்குத் தட்டத் தெரியாது என்கிறீர்கள். அப்படியானால் தட்டிக் கொடுப்பது யார்? அந்தப் பெயரைச் சொல்லுங்கள், இவர் இன்றைக்கே வீட்டுக்குப் போகலாம்" என்றார்.

புஷ்பாவின் பெயர் என் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. அக்கா என் கையை அழுத்திப் பிடித்தார்.

"இவருடைய கடவுச்சொல் கடைக்கு வந்த எல்லோருக்கும் தெரியும். எனக்கும் தெரியும். பெயர் வேண்டுமென்றால் என் பெயரை எழுதுங்கள்."

"ஏக எப்பா மெடம்," வேண்டாம் என்று அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். அக்கா அந்தப் பேனாவை எடுத்து, வாக்குமூலத்தைத் தானே எழுதிக் கையெழுத்திட்டார்.

வெளியே வந்ததும் நான் அவரோடு சண்டை பிடித்தேன். "உள்ளுக்க இருக்கிறது உங்கட மனுசனோ?" என்று கத்தினேன். அவர் குரலை உயர்த்தவில்லை.

"ஒராளை வெளியில எடுக்க இன்னொராளை உள்ளுக்க தள்ள நான் வரேல்லை. இனி அந்தக் கடையில ஆரையும் பிடிக்கிறதெண்டா முதல் என்னைப் பிடிக்கோணும். அதுக்கு அவை மேலிடத்தைக் கேக்கோணும். மேலிடத்தைக் கேக்கிறதைவிடக் கொம்பனியைக் கேக்கிறது அவைக்கு லேசு. பொறுங்கோ."

அவர் சொன்னபடியே நடந்தது. நிறுவனத்தைக் கேட்டார்கள். அந்த மின்னஞ்சல் எங்கள் தெருமுனைக் கடையிலிருந்து போனதே இல்லை. முருகன் பெயரில் இருந்த கடவுச்சொல்லை ஊகித்த எவனோ ஒருவன் வேறோர் ஊரிலிருந்து அனுப்பியிருக்கிறான். மாஸ்டர் மெலிந்து வீடு வந்தார். இப்போது ஒற்றை விரலால் தானே தட்டுகிறார். அக்காவைக் குழுவிலிருந்து விலக்கினார்கள், காரணம் சொல்லவில்லை. நுகேகொடையில் ஒரு தனியார் கல்லூரியில் படிப்பிக்கப் போனார். ஒருநாள்கூட அதைச் சொல்லிக் காட்டவில்லை. அவரைப் பார்த்துக் கத்தியவள் நான்.

யுத்தம் முடிந்து சில ஆண்டுகளில் கொள்கை வகுக்கத் திரும்ப அழைத்தபோது மறுக்காமல் போனார். மின்னஞ்சல் முகவரியை மட்டும் வைத்து எவரையும் தடுத்துவைக்கக் கூடாது என்ற ஒரு வரியைக் கொள்கை வரைவில் சேர்க்க, கூட்டத்துக்குக் கூட்டம் வாதாடினார் என்று நீங்கள்தான் எனக்குச் சொன்னீர்கள். அந்த வரி எங்கிருந்து வந்தது என்று இப்போது நான் உங்களுக்குச் சொல்லிவிட்டேன்.

இறுதிக்கிரியை முடிந்த பின் மகனுக்கு அறிவிக்கப் புஷ்பாவின் கடைக்குப் போனேன். இப்போதெல்லாம் யாராவது என்னிடம் ஒரு பெயரைக் கேட்டால், முதலில் என் பெயரைச் சொல்ல முடியுமா என்று யோசிக்கிறேன். மலர் அக்காவிடமிருந்து நான் வைத்திருப்பது அது ஒன்றுதான். ஆனால் அன்றுவரை புஷ்பாவுக்கு நடந்தது எதுவும் தெரியாது. "அவளுக்குச் சொல்லாதேங்கோ, பயந்துபோவாள்" என்று அக்கா தடுத்திருந்தார்.

நான் கடவுச்சொல்லைத் தட்டத் தொடங்கியதும் புஷ்பா முகத்தைத் தெருப்பக்கம் திருப்பினாள். அப்போதுதான் சொன்னேன், எல்லாவற்றையும்.

"என் பேரு அங்க வரவே இல்லையாம்மா?" என்றாள், திரும்பாமலே.

"இல்லைப் பிள்ளை. தன்ர பேரைத்தான் குடுத்தவ."

நான் தட்டி முடித்து, மகனுக்கு எழுதி, அனுப்பியும் ஆயிற்று. புஷ்பா இன்னும் தெருவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.